395 பிரதிகள், ஒரு நாய், ஏழு பவுண்டுச் சொச்சம்

லண்டனுக்குப் பக்கத்து ஊரான வால்டன்-ஆன்-தேம்ஸில் ஹர்ஸ்ட் குரோவ் என்று ஒரு தெரு. அதில் பிளேஹவுஸ் என்ற சின்ன நாடக அரங்கு இருக்கிறது. பேத்தியின் நடன வகுப்புக்காரர் போன மாதம் அங்கே ஒரு நிகழ்ச்சி வைத்தார்கள். ஒத்திகைக்குப் பிள்ளையை மூன்று மணிக்கே கொண்டுபோய் விடவேண்டும், ஆனால் கூட வந்தவர்களுக்கு உள்ளே இடமில்லை. மகள் காரில் இருந்து போனைத் தட்டிக்கொண்டிருந்தாள். நான் இறங்கிக் கட்டடத்தைச் சுற்றி ஒரு நடை போனேன்.

வாசலில் நின்ற வெள்ளைக்காரக் கிழவர், என்னைவிட நாலைந்து வயது கூட இருக்கும், பேச்சுக் கொடுத்தார். "இது முதலில் தியேட்டரே இல்லை, தெரியுமோ? பக்கத்தில் இருந்த சினிமா ஸ்டூடியோவுக்குக் கரண்ட் எடுத்த கட்டடம்."

எந்த ஸ்டூடியோ என்று கேட்டேன். "ஹெப்வொர்த்" என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவருக்கு ஏன் என்று விளங்கியிருக்காது. மேற்கு லண்டனில் சினிமா பிலிம் கழுவிப் பிரிண்ட் போடும் ஒரு லேபில் 26 வருடம் இரவு வேலை பார்த்தவன் நான். நெகடிவ், அதாவது கேமராவில் ஓடிய மூல பிலிம், கழுவும் இயந்திரத்தில் எங்காவது சிக்கி பிலிம் அறுந்தால் முழுச் சுருளும் போச்சு. அப்படி நடக்கும்போதெல்லாம் எங்கள் ஃபோர்மன் கையைத் துடைத்துக்கொண்டே சொல்வார்: "என்னைத் திட்டாதே, ஹெப்வொர்த்தைத் திட்டு." பல வருடம் அது முந்தி அங்கே வேலை செய்த யாரோ மெக்கானிக்கின் பெயர் என்றுதான் நினைத்திருந்தேன்.

செசில் ஹெப்வொர்த் 1874இல் பிறந்தவர். தகப்பன் மேஜிக் லாந்தரில் கண்ணாடிப் படங்களைக் காட்டி ஊர் ஊராக விரிவுரை செய்தவர். ஆகவே இருட்டறை, வெளிச்சம், திரை எல்லாம் மகனுக்கு வீட்டுச் சாமான் மாதிரி. 1897இல், அதாவது சினிமா லண்டனுக்கு வந்து ஒரு வருடம் கழித்து, அசையும் படங்களை எடுப்பது எப்படி என்று புத்தகமே எழுதிவிட்டார். பிரிட்டனில் அந்த விஷயத்தில் வந்த முதல் புத்தகம் அது. எழுதியவருக்கு வயது 23. கைப்பிள்ளைத் துறைக்கு இருபத்து மூன்று வயதுப் பெடியன் பாடப்புத்தகம் எழுதுகிறான்! எனக்கு இந்த மனிதரைப் பிடித்துப்போனதற்கு இந்தத் துணிச்சல் ஒரு காரணம்.

பிறகு வாரிக் டிரேடிங் என்ற படக் கம்பெனியில் வேலை. அங்கேதான் எங்கள் ஃபோர்மன் திட்டச் சொன்ன அந்தக் கழுவும் இயந்திரத்தைக் கட்டினார். அதுவரைக்கும் எடுத்த பிலிமைத் துண்டு துண்டாக மரச்சட்டத்திலோ உருளையிலோ சுற்றி, படத்தைத் தெரியவைக்கும் டெவலப்பர் கரைசல் தொட்டியில் முக்கி, தூக்கி, கழுவி, காயப்போட வேண்டும். ஹெப்வொர்த் செய்தது என்னவென்றால், பிலிமை நிறுத்தாமல் ஓடவிட்டார். ஒரு முனை டெவலப்பருக்குள் போகும், அங்கிருந்து படத்தை நிலைக்கவைக்கும் ஹைப்போ கரைசல், அங்கிருந்து தண்ணீர், மறுமுனை காய்ந்து வெளியே வரும். நான் 26 வருடம் பக்கத்தில் நின்ற இயந்திரமும் அடிப்படையில் இதேதான். தொட்டி பெரிது, ஓட்டம் வேகம், விலை கேட்டால் தலை சுற்றும், அவ்வளவுதான் வித்தியாசம்.

அந்த வேலையிலிருந்து அவரை நிறுத்திவிட்டார்கள். 1899இல் அவரும் மச்சான் முறையான மான்டி விக்ஸும் சேர்ந்து இந்த ஹர்ஸ்ட் குரோவில் ஒரு வீட்டை வாடகைக்கு எடுத்தார்கள். ஹெப்வொர்த்தின் பாதி, விக்ஸின் பாதி. இரண்டையும் ஒட்டவைத்து "ஹெப்விக்ஸ்" என்று பெயர். முதலில் அவர்களுக்குப் படம் எடுத்து விற்பதைவிடக் கழுவி, பிரிண்ட் போட்டுக் கொடுப்பதே பெரிய யோசனை. வீடே லேப். பின்வளவில் ஒரு பலகை மேடை போட்டார்கள், மேலே கூரை கிடையாது. வெயில் அடித்தால் படப்பிடிப்பு, மேகம் வந்தால் தேத்தண்ணி. இங்கிலாந்தில் இந்தத் தொழிலைக் கூரையில்லாமல் தொடங்கிய ஆளை என்ன சொல்வது!

ஆரம்பப் படங்கள் இரண்டு நிமிடம்கூட வராது. 1900இல் எடுத்த ஒன்றில் கேமரா தெருவில் நிற்கிறது. முதலில் ஒரு குதிரை வண்டி வந்து ஒழுங்காக விலகிப் போகிறது. அது கிளப்பிய புழுதிக்குள் இருந்து ஒரு மோட்டார் கார், தப்பான பக்கத்தில், நேரே எங்களை நோக்கி வருகிறது. வந்து மோதுகிறது. திரை இருட்டு. இருட்டில் கேள்விக்குறிகளும் ஆச்சரியக்குறிகளும் தெறித்து, "அம்மா சந்தோஷப்படுவா" என்ற அர்த்தத்தில் ஆங்கிலச் சொற்கள் ஒவ்வொன்றாக மின்னி மறைகின்றன. ஒவ்வொரு சொல்லும் ஓரிரு ஃபிரேம்தான், கண்ணை மூடித் திறந்தால் தவறிவிடும். காரை ஓட்டுவது ஹெப்வொர்த்தேதான். அதே வருடம் இன்னொன்று: கார் வெடிக்கிறது, போலீஸ்காரர் தொலைநோக்கியை எடுத்து வானத்தைப் பார்க்கிறார், ஒரு கை, ஒரு கால் என்று மேலிருந்து விழ விழ நோட்டுப் புத்தகத்தோடு நின்று அடுக்குகிறார். கார் வந்த புதிதில் இங்கிலாந்தில் அதற்கு இருந்த மரியாதை அவ்வளவுதான் போலிருக்கிறது.

1901 பெப்ரவரியில் விக்டோரியா மகாராணியின் இறுதி ஊர்வலம். ஹெப்வொர்த்தின் கேமரா விக்டோரியா ஸ்டேஷன் பக்கத்தில் நின்றது. அவர் வயதான காலத்தில் எழுதிய சுயசரிதையில் இதைச் சொல்கிறார்: கைப்பிடியைச் சுழற்றியதும் கேமரா அந்த அமைதிக்குள் பெரிய சத்தம் போட்டது, தரை பிளந்து தன்னை விழுங்கக்கூடாதா என்றிருந்தது. சத்தத்தைக் கேட்ட புது ராஜா எட்வர்ட் ஊர்வலத்தையே சற்று நிறுத்திப் படத்துக்கு இடம் கொடுத்தாராம். ஐம்பது வருடம் கழித்துச் சொல்கிற கதை, கொஞ்சம் உப்பு புளி கூடியிருக்கலாம். கேமராச் சத்தத்தைப் பற்றி மட்டும் எனக்குச் சந்தேகமே இல்லை.

1903இல் பிள்ளைகள் கதையான ஆலிஸ் இன் வொண்டர்லேண்டைப் படமாக்கினார். 800 அடி, ஏறக்குறைய 12 நிமிடம். அதுவரை பிரிட்டனில் எடுத்ததில் அதுதான் நீளம். ஆலிஸாக நடித்த மே கிளார்க் கம்பெனியில் வேலை பார்த்த பெண். அங்கே நடிகை, எடிட்டர், தையல்காரி என்று தனித்தனி ஆள் இல்லை, எல்லாரும் எல்லாம் செய்வார்கள். தவளைச் சேவகன் ஹெப்வொர்த். வெள்ளை முயலும் ராணியும் அவருடைய மனைவி மார்கரெட். செஷயர் பூனை வீட்டுப் பூனை. தொப்பிக்காரராக வந்த நார்மன் விட்டன் பிறகு ஆலிஸையே கல்யாணம் செய்துகொண்டு, அயர்லாந்துக்குப் போய் அங்கே படக் கம்பெனி நடத்தினார். இதற்கு மிஞ்சியிருப்பது ஒரே ஒரு பிரதி, அதுவும் முழுதாக இல்லை. அரித்து, கீறி, வெள்ளைத் திட்டுகள் விழுந்த பிரதி. 2010இல் பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட் அதை முடிந்தவரை சீர்செய்து வெளியிட்டது. பூனை வரும் இடத்தைப் பாருங்கள். அதற்கு நடிப்பில் துளியும் அக்கறையில்லை. பூனை பூனையாகவே இருக்கிறது.

இனி நாய்க்கு வருகிறேன். இதைச் சொல்லத்தான் இந்தப் பதிவே.

1905. படத்தின் பெயர் "ரெஸ்க்யூட் பை ரோவர்". கதை எழுதியது மார்கரெட், தாயாக நடித்ததும் அவரே. தகப்பன் செசில். குழந்தை அவர்களுடைய சொந்தக் கைக்குழந்தை பார்பரா (சிற்பி பார்பரா ஹெப்வொர்த் வேறு ஆள், குழப்பிக்கொள்ள வேண்டாம்). நாய் அவர்கள் வளர்த்த கோலி இன நாய், வீட்டில் அதன் பெயர் பிளேர். இயக்கியவர் லூவின் ஃபிட்ஸ்ஹாமன். வெளியாட்களாகச் சம்பளத்துக்கு நடிக்க வந்தவர்களுக்கு ஆளுக்கு அரை கினி, அதாவது பத்தரை ஷில்லிங், லண்டனிலிருந்து வந்துபோகும் ரயில் காசும் அதற்குள்ளேயே. படத்துக்கு ஆன மொத்தச் செலவு 7 பவுண்டு, 13 ஷில்லிங், 9 பென்ஸ்.

ஆயா குழந்தை வண்டியைத் தள்ளிக்கொண்டு போகிறாள். பட்டாளத்துக்காரன் ஒருவனோடு கதைத்துச் சிரிக்கிற நேரத்தில் பிச்சைக்காரி ஒருத்தி குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய்விடுகிறாள். ஆயா வீட்டுக்கு வந்து அழ, நாய் ஜன்னலால் பாய்கிறது. தெரு வழியே ஓட்டம், முக்கில் திருப்பம், ஆற்றை நீந்துகிறது, சேரி வீடுகளின் கதவுகளை ஒவ்வொன்றாக முகர்கிறது, கடைசியில் மேல்மாடி அறையில் குழந்தை. நாய் திரும்பி ஓடுகிறது. அதே கதவு, அதே ஆறு, அதே முக்கு, கேமரா வைத்த இடங்களும் அதேதான், ஓட்டம் மட்டும் எதிர்ப்பக்கம். பிறகு தகப்பனை இழுத்துக்கொண்டு மூன்றாம் முறை அதே வழி. ஆற்றில் இவர் படகில், நாய் நீந்தி.

இதில் ஒரு சொல் எழுத்து கிடையாது. ஆனாலும் நாய் எங்கே போகிறது, எவ்வளவு தூரம், இன்னும் எத்தனை இடம் மிச்சம் என்று ஒரு குழந்தைக்கும் தெரிகிறது. ஒரு துண்டும் அடுத்த துண்டும் ஒட்டும் இடத்தில் நாய் வலதில் வெளியேறினால் எந்தப் பக்கத்தால் உள்ளே வரவேண்டும் என்ற கணக்கை 1905இலேயே பிசகாமல் போட்டிருக்கிறார்கள். அந்தக் கணக்கில் பிசகிய ரீல்கள் எங்கள் லேபுக்கு எத்தனை வந்திருக்கின்றன என்று எனக்குத் தெரியும்.

விற்பனைக்கு வருவோம். அந்தக் காலத்தில் படம் வாடகைக்குப் போவதில்லை. துணி மாதிரி அடிக்கணக்கில் விற்றார்கள். ரோவர் 425 அடி. ஒரு பிரதி விலை 10 பவுண்டு, 12 ஷில்லிங், 6 பென்ஸ். இந்த வினோதமான எண் எங்கிருந்து வந்தது என்று கனநாள் யோசித்தேன். ஒருநாள் கடதாசி எடுத்துக் கணக்குப் பார்த்தேன்: ஷில்லிங்குக்கு 12 பென்ஸ், பவுண்டுக்கு 20 ஷில்லிங். அடிக்கு ஆறு பென்ஸ் வைத்தால் 425 அடிக்கு 2,550 பென்ஸ். பவுண்டாக்கினால் 10, மிச்சத்தை ஷில்லிங்காக்கினால் 12, கடைசியில் 6 பென்ஸ். ஒரு பென்ஸ் கூடக் குறையக் கிடையாது! கடைக்காரன் முழக்கோலால் அளந்து வெட்டிய மாதிரி.

அப்படி 395 பிரதிகள் விற்றார்கள். பெருக்கினால் 4,000 பவுண்டைத் தாண்டுகிறது. பிலிம் வாங்கிய காசு, கழுவிய காசு எல்லாம் கழித்தாலும், ஏழு பவுண்டுச் சொச்சத்துக்கு எடுத்த படம் அது.

ஆனால் இடையில் ஒரு சிக்கல் வந்தது. நெகடிவ் தேய்ந்துவிட்டது. எல்லாரும் இதை ஒரு வேடிக்கைச் செய்தியாக எழுதிவிட்டுக் கடந்துபோவார்கள். லேப்காரனுக்கு இது வேறு மாதிரிக் கேட்கும். பிரிண்ட் போடும்போது நெகடிவும் வெறும் பிலிமும் முகத்தோடு முகம் ஒட்டி விளக்கடியில் போகும். ஒரு பிரிண்டுக்கு ஒரு பயணம். ஒவ்வொரு பயணத்திலும் ஓரத்துத் துளைகளைப் பல்சக்கரம் பிடித்து இழுக்கும், தூசி ஒரு கீறல் போடும். நூறு தரம் போனால் துளை கிழியும், படம் திரையில் குதிக்கும். எங்கள் காலத்தில் மூல நெகடிவைத் தொடமாட்டோம். அதிலிருந்து ஒரு நகல் நெகடிவ் எடுத்து, அடி உதை எல்லாம் அந்த நகலுக்குத்தான். ஹெப்வொர்த் காலத்தில் அதற்கேற்ற பிலிமே வரவில்லை. நகல் எடுத்தால் கரியும் சுண்ணாம்புமாக வரும்.

ஆகவே அவர்கள் செய்தது: படத்தையே திரும்ப எடுத்தார்கள். காட்சிக்குக் காட்சி அப்படியே. அதுவும் தேய்ந்தது. மூன்றாம் முறையும் எடுத்தார்கள். பாவம் பிளேர், அந்த ஆற்றை எத்தனை தரம் நீந்தியிருக்கும்! வெற்றியின் பாரத்தில் நெகடிவ் கிழிவதை நான் தொழிலில் ஒருநாளும் கண்டதில்லை. எங்களுக்குக் கிழிந்ததெல்லாம் தூக்கக் கலக்கத்தில்.

பிளேர் அதன்பிறகும் நடித்தது. 1908இல் வந்த ஒன்றில் கார்கூட ஓட்டுகிறது.

காசு வந்ததும் கண்ணாடிக் கூரை போட்ட ஸ்டூடியோ வந்தது. நேர்வெயில் முகத்தில் விழாமல் பரவி விழும்படி வரிவரியான கண்ணாடி. ரோவரின் மேல்மாடி அறைக்கு ஏற்கனவே ஆர்க் விளக்கு பிடித்திருந்தார்கள். 1907இல் தீப்பிடித்து ஊழியர் ஒருவர் இறந்தார். அந்த நாள் பிலிம் நைட்ரேட், பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும். இசைத்தட்டோடு சேர்த்து ஓட்டிப் பேச வைக்கும் விவாஃபோன் என்ற சாதனத்தையும் விற்றுப் பார்த்தார்கள். டில்லி, சாலி என்ற குறும்புக்காரப் பெட்டைகளாக ஆல்மா டெய்லரும் கிரிஸ்ஸி வைட்டும் வந்த நகைச்சுவைப் படங்கள் 1910இலிருந்து ஓடின. இருவரும் அங்கேயே வளர்ந்து நட்சத்திரமானார்கள். 1915இல் ஒரு சினிமாப் பத்திரிகை வாசகர்களிடம் வாக்குக் கேட்டபோது ஆல்மா டெய்லர் சாப்ளினையே முந்திவிட்டார். இன்று அவர் பெயர் வால்டனில் எத்தனை பேருக்குத் தெரியும்?

முதலாம் உலகப் போர் முடிந்து 1919இல் கம்பெனி ஹெப்வொர்த் பிக்சர் ப்ளேஸ் என்று பெரிதாக எழும்பியது. புது ஸ்டூடியோக்கள் கட்டப் போகிறோம் என்று பங்கு வெளியிட்டார்கள். பங்கு வாங்க ஆள் போதவில்லை, ஆனால் செலவு தொடங்கிவிட்டது. நான் நின்ற இந்த மின்சாரக் கட்டடமும் அந்தப் பெருங்கனவின் துண்டுதான்.

அதற்குள் ரசனையும் மாறிவிட்டது. அமெரிக்கப் படங்கள் வெட்டி வெட்டிப் பாய்ந்துகொண்டிருந்தன. ஹெப்வொர்த்துக்கு வெட்டுப் பிடிக்காது. ஒரு காட்சி மெல்ல இருட்டி, அடுத்தது மெல்ல விடிய வேண்டும். 1923இல் வந்த "கமின் த்ரூ த ரை"யை அவரே தன் சிறந்த படம் என்று நினைத்தார். நானும் பார்த்தேன். படம்பிடிப்பு வடிவு, வயல்வெளி வடிவு, ஆனால் இருட்டி விடிந்து, இருட்டி விடிந்து எனக்குக் கொட்டாவி வந்தது. நாயை அப்படி ஓடவிட்ட அதே கைதானா இது?

1924இல் கம்பெனி திவால். கடன்காரர் சார்பில் வந்த அதிகாரி கண்ணில் பட்டதையெல்லாம் விற்றார். நெகடிவ்களையும்தான். வாங்கியவர்கள் படமாக வாங்கவில்லை. நைட்ரேட் பிலிமை உருக்கினால் ஒரு வார்னிஷ் கிடைக்கும். அந்தக் கால விமானங்களின் துணி இறக்கைகளை விறைப்பாக்க அதைத்தான் பூசினார்கள். தன் வாழ்நாளில் எடுத்த எல்லாப் படங்களின் நெகடிவும் விமான இறக்கைப் பூச்சாகப் போனதென்று ஹெப்வொர்த் சுயசரிதையில் எழுதியிருக்கிறார்.

அந்தப் பக்கத்தை வாசித்தபோது புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். நெகடிவ் என்றால் எங்களுக்கு வெள்ளைப் பருத்திக் கையுறை. வெறுங்கையால் தொட்ட பெடியனை ஃபோர்மன் அன்றைக்கே வேறு பிரிவுக்கு மாற்றினதைப் பார்த்திருக்கிறேன்.

அப்படியானால் இன்று நாங்கள் பார்ப்பது எதை? விற்றுப்போனதைத்தான். சந்தையில் கூடாரம் போட்டவர்களும் வெளிநாட்டுக்காரர்களும் அடிக்கு ஆறு பென்ஸ் கொடுத்து வாங்கிக்கொண்டு போன பிரதிகள், யாரோ ஒருவரின் பரணிலும் பெட்டியிலும் கிடந்து தப்பியவை. யார்க்‌ஷயர் மலைப்பக்கம் ஹெப்டன் பிரிட்ஜில் 1920இல் எடுத்த "ஹெலன் ஆஃப் ஃபோர் கேட்ஸ்" கனகாலம் இல்லையென்றே கிடந்தது. கடைசியில் பிரதி கனடாவில் மாண்ட்ரியலில் அகப்பட்டது. 2010இல் அதை ஹெப்டன் பிரிட்ஜிலேயே திரையிட்டார்கள். ரோவர் 395 திசையில் போனதால் தப்பிவிட்டது.

ஹெப்வொர்த் அதன்பிறகு முன்னோட்டத் துண்டுகளும் விளம்பரப் படங்களும் எடுத்துப் பிழைத்தார். 1951இல் சுயசரிதை, 1953இல் மரணம். ஸ்டூடியோவை 1926இல் நெட்டில்ஃபோல்ட் என்பவர் வாங்கினார். ஐம்பதுகளில் டிவிக்கு ராபின் ஹூட் தொடர் அங்கேதான் எடுத்தார்கள். 1961இல் மூடிவிட்டார்கள், பிறகு இடித்தும் விட்டார்கள். டவுனில் ஹெப்வொர்த் வே என்று ஒரு வீதி இருக்கிறது, நாங்கள் அன்றைக்கு அதால்தான் வந்தோம், நான் பலகையைக்கூடப் பார்க்கவில்லை.

நாலரைக்கு ஒத்திகையில் இடைவேளை. பேத்தி சலங்கையோடு காருக்கு ஓடிவந்தாள், பிஸ்கட் வேண்டுமாம். போனில் ரோவரைப் போட்டுக் காட்டினேன். வாயில் பிஸ்கட்டை வைத்தபடி முழுதும் பார்த்தாள். பிச்சைக்காரி திரும்பி வந்து, குழந்தை போனாலும் அதன் உடுப்பு மிச்சம் இருக்கிறதே என்று போத்தலைத் தூக்குகிற இடத்தில் நிறுத்தச் சொன்னாள்.

"அம்மப்பா, அந்த உடுப்பை நாய் ஏன் எடுக்கேல்லை?"

"வாயில எத்தினையைத் தூக்கிறது பிள்ளை?"

"குழந்தையை அப்பாதானே தூக்கினவர். நாய்க்கு வாய் சும்மாதானே இருந்தது."

120 வருடத்தில் இதை யாரும் கேட்டிருப்பார்களோ தெரியாது. எனக்குப் பதில் வரவில்லை. "திருப்பிப் போடுங்கோ" என்றாள். போட்டேன். மூன்று தரம் பார்த்தாள். நாலாம் தரம் நாய் ஆற்றில் இறங்கும்போது உள்ளே இருந்து டீச்சர் கூப்பிட்டுவிட்டா.